கேப்டன் ஹார்வுட்டை எப்படிச் சாகடிப்பது?

1

இந்தக் கதை பொறாமையில் பிறந்தது. பொறாமை எனக்கு, 1849-இல் செத்துப்போன ஒரு வெள்ளைக்காரன்மேல். என் மனைவி காந்திமதிக்கு அவனைப் பிடித்துவிட்டது. அவனை எழுதுகிறவனே நான்தான் என்பது கூடுதல் வயிற்றெரிச்சல்.

பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பட்டாளத்து அதிகாரிகள், மலையேறிகள், ஆறு தேடிப் போனவர்கள், இவர்களின் வாழ்க்கை வரலாற்றை மலிவுப் பதிப்பாக எழுதுவது என் பிழைப்பு. ஸ்ரீபெரும்புதூர் அச்சகக்காரர் சுப்பராயன் போடுகிறார். கேப்டன் ஹார்வுட் பற்றிக் கிடைத்தது மூன்றே வரி: பிறந்தான், வடக்கே ஓர் ஆற்றின் மூலத்தைத் தேடினான், காய்ச்சலில் செத்தான். மீதியெல்லாம் என் கைச்சரக்கு. (நான் கண்ட பெரிய தண்ணீர் செம்பரம்பாக்கம் ஏரி. அதில் பனிக்கட்டியை மிதக்கவிட்டேன், ஆறாகிவிட்டது.)

2

இந்தப் பகுதியை முதலில் இப்படித் தொடங்கினேன்: ‘காந்திமதி பேரழகி என்று சொல்ல முடியாது, ஆனாலும்…’ வேண்டாம். அவள் படிப்பாள்.

எங்கள் வீட்டு ஆண்கள் மாட்டுத் தரகர்கள். சந்தையில் மனசுக்குப் பிடித்த மாட்டைப் புகழக் கூடாது; விலை ஏறிவிடும். கொம்பு கோணல் என்றுதான் சொல்ல வேண்டும். உண்மை விலையைத் துண்டுக்கடியில் விரலைப் பிடித்துப் பேசுவார்கள். சுற்றி நிற்பவனுக்குத் தெரியாது. கல்யாணமான நாளிலிருந்து காந்திமதியிடமும் எனக்கு இதே வழக்கம்தான். குழம்பு நன்றாயிருந்தால் உப்பு கம்மி என்பேன்.

கேப்டன் சந்தைக்குப் போகாதவன். பனிமலைக் கூடாரத்தில் அவன் மனைவியை நினைக்கிறான்: ‘பொத்தான் தைத்ததும் நூலைப் பல்லால் கடிப்பாள். உதட்டோரம் ஒரு துணுக்கு ஒட்டியிருக்கும். சொன்னால் துடைத்துவிடுவாள் என்று சொல்லாமல் பார்த்துக்கொண்டிருப்பேன்.’

(அவனுக்குக் கல்யாணம் ஆனதாக எந்தப் பதிவும் இல்லை. பெண்கள் வாங்கிப் படிக்க ஒரு மனைவி வேண்டும் என்று கேட்டவர் சுப்பராயன்.)

3

காந்திமதி படித்துவிட்டுக் கண்ணைத் துடைத்தாள்.

“இன்னா மனுசங்க இவரு! நீங்களும்தான் கீறீங்க.”

“வூட்ட வுட்டுட்டு மலையில குந்திகினு கீறவன், பெரிய மனுசனா?”

“ஏங்க, அந்தம்மாவும் என்னாட்டமே நூலப் பல்லால கடிக்குதே?”

சொல்ல வேண்டிய இடம் இதுதான். பழக்கம் முந்திக்கொண்டது.

“கத்திரிக்கோல் தேடச் சோம்பல்பட்டா எல்லாரும்தான் கடிப்பாங்க.”

“கேப்டனா இருந்தா இப்படிச் சொல்லமாட்டாரு” என்று உள்ளே போய்விட்டாள்.

சரக்கு என்னுடையது. பெயர் வாங்கிக்கொண்டு போனவன் அவன். தரகன் வீட்டில் பிறந்தவனுக்கு இதைவிட என்ன அவமானம் வேண்டும்?

4

ஆகவே அவனைக் கொல்ல உட்கார்ந்தேன். காய்ச்சல் கௌரவமான சாவு, கொடுக்க மனசில்லை.

முடிவு அ: கழுதை உதைத்துச் சாகிறான்.

முடிவு ஆ: வயிற்றுப்போக்கு. ஆற்றின் மூலத்தைத் தேடியவனுக்குப் பொருத்தமான…

முடிவு இ: சாகவே இல்லை. மலைக்காரி ஒருத்தியோடு ஓடிப்போகிறான்.

வாசலில் சுப்பராயன். “இன்னாபா, தொர செத்தாரா இல்லியா? எழுத்துக் கோக்கிறவன் சும்மா குந்திகினு கீறான்.”

“இழுத்துகினு கீறாரு. நாளைக்கு வாங்க.”

இ-யை எழுதிக் காந்திமதியிடம் கொடுத்தேன். இதோடு அவள் அவனைக் காறித் துப்ப வேண்டும் என்பதுதான் என் கணக்கு. அவள் துப்பவில்லை.

“இது பொய்” என்றாள். “அந்த நூல் துணுக்கப் பார்த்தவன் ஓடமாட்டான்.”

“அது மட்டும் நெசமா? அவனுக்குக் கல்யாணமே ஆவல. அதுவும் நான் எழுதினதுதான்.”

“அப்ப அந்தத் துணுக்க யாரு பார்த்தது?”

5

அந்தக் கேள்வியைக் கேட்டுவிட்டு என் சட்டைக்குப் பொத்தான் தைக்க உட்கார்ந்தாள். கடைசி முடிச்சு. நூலைக் கடித்தாள். உதட்டோரம் ஒரு வெள்ளைத் துணுக்கு.

நான் சொன்னேன்: ‘காந்திமதி, நீ…’

இல்லை, சொல்லவில்லை. தோளிலிருந்த துண்டை எடுத்து வலது கைமேல் போர்த்தி அவள் முன்னால் நீட்டினேன்.

“நான் இன்னா, மாடா?” என்றாள். ஆனால் ஊசியைக் கீழே வைத்துவிட்டாள்.

துண்டுக்கடியில் பேசியதை வெளியில் சொல்வது சந்தை வழக்கமில்லை. கேப்டனின் சாவு உங்கள் பொறுப்பு. காய்ச்சலே கொடுங்கள், எனக்கு ஆட்சேபணை இல்லை. இப்போதைக்கு நீங்களும் அவனும் கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்பி நில்லுங்கள்.