வெட்டி வைத்த ஆறு விநாடி

என் உடம்பின் வரலாற்றை யாரும் என்னைக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. கணினியில் என் பெயரைத் தட்டினால் போதும். லோரன் டிவிட், டைட் எண்ட், வயது முப்பத்திரண்டு. முதல் வருஷம் கணுக்கால், மூன்று ஆட்டம் இல்லை. அடுத்த வருஷம் இடது பின்தொடை, இரண்டு. மூன்றாம் வருஷம் வலது முழங்கால், பதினொன்று. அப்புறம் காறை எலும்பு ஆறு, மறுபடியும் பின்தொடை நான்கு, கைவிரல் இரண்டு, பாதம் ஐந்து. இந்த சீசனில் இடது முழங்கால், இந்த ஞாயிற்றுக்கிழமையோடு எட்டு. ஆக நாற்பத்தொன்று. யாரோ ஒரு புண்ணியவான் உட்கார்ந்து கட்டம் போட்டு எழுதி வைத்திருக்கிறான். என்னைப் பெற்றவளுக்கே இவ்வளவு தெரியாது.

டைட் எண்ட் என்பவன் எங்கள் அமெரிக்கக் கால்பந்தில் ஒரு பாவப்பட்ட ஜென்மம். ஒரு தடவை முன்வரிசையில் நின்று முந்நூறு பவுண்டு ஆட்களோடு மல்லுக்கட்ட வேண்டும். அடுத்த தடவை அவர்களை அம்போ என்று விட்டுவிட்டு ஓடிப்போய்ப் பந்தைப் பிடிக்க வேண்டும். பிடித்த மறு விநாடி இரண்டு பேர் வந்து மோதுவார்கள். இதை நானாகத்தான் தேடிப் போனேன். அதனால் யாரிடமும் புலம்ப உரிமை இல்லை. இருந்தாலும் புலம்புவேன்.

அந்த வாரம் என்னிடம் நின்று பேசிய ஒரே மனிதர் இறைச்சிக் கடையில் சாஸேஜ் வெட்டித் தருகிறவர்தான்.

"நீங்க லோரன் டிவிட்தானே?" என்றார், கத்தியைத் துடைத்துக்கொண்டே.

"ஆமாங்க."

"ஆபீஸ்ல, கடையில எல்லாரும் நிஜ ஆட்டக்காரங்க பேர வெச்சு ஆளுக்கொரு டீம் எழுதி, அவங்க ஆடறதுக்குப் பாயிண்ட் போட்டு விளையாடறோம்ல, அதுல உங்கள நம்பி எடுத்தேன் சார். இப்ப நான் கடைசி எடத்துல இருக்கேன். என் மச்சினன் பல்லக் காட்டறான்."

"சாரிங்க."

"அய்யோ, நீங்க என்ன பண்ணுவீங்க? போன வாரம் உங்களத் தூக்கிட்டு வேற ஆளப் போட்டுட்டேன். தப்பா எடுத்துக்காதீங்க. கால் எப்படி இருக்கு?"

"பரவால்ல."

"கண்ணாடி உடம்பு சார் உங்களுக்கு," என்று சொல்லி இரண்டு துண்டு கூடவே வைத்துக் கட்டிக் கொடுத்தார். பரிதாபத்துக்கு.

அணியில் யாரும் அப்படியெல்லாம் பேச மாட்டார்கள். பேசாமலே இருந்துவிடுவார்கள். அடிபட்டவனைக் கண்டால் எங்கள் ஆட்களுக்கு ஒரு பயம், ஒட்டிக்கொள்ளும் வியாதி மாதிரி. சாப்பாட்டு மேஜையில் என் பக்கத்து நாற்காலி காலியாகவே கிடக்கும். "என்ன பெருசு, எப்ப வர்றே?" என்று நடந்துகொண்டே கேட்பார்கள். பதிலுக்கு நிற்க மாட்டார்கள். நானும் நல்லா இருந்த நாளில் அப்படித்தான் நடந்துகொண்டேன். யாரைக் குறை சொல்ல? வெளியூர் ஆட்டத்துக்கு அணி விமானம் ஏறும்போது அடிபட்டவனை ஏற்றுவதில்லை. ஊரே டிவி முன்னால் உட்கார்ந்திருக்க, என் வீட்டில் நானும் ஐஸ் பையும் மட்டும் இருப்போம். என் மனைவி ரெனாட்டா என்னை விட்டுப் போய் நாலு வருஷம் ஆகிறது. "நீ உடைஞ்சாத்தான் வீட்டுக்கு வர்றே, லோரன்" என்றாள் போகிற அன்று. பொய்யில்லை.

என்னை எட்டு வாரமாகத் தின்றுகொண்டிருந்தது முழங்கால் இல்லை. மால்கம் பிராட்டர். எங்கள் குவார்ட்டர்பேக், பந்தை எறிகிறவன், இருபத்து நான்கு வயசு. செப்டம்பரில் அவன் எறிந்த பந்து எனக்குப் பின்னால் வந்தது. அதைப் பிடிக்கத் திரும்பினேன், கால் மண்ணில் ஊன்றி நின்றுவிட்டது, ஒருவன் முழங்காலில் வந்து விழுந்தான். அன்றைக்கு நிருபர்களிடம் மால்கமே சொன்னான்: "என் தப்பு. அவருக்குப் பின்னால போட்டுட்டேன்." ஊரறியச் சொன்னவன் எனக்கு ஒரு போன் செய்யவில்லை. எட்டு வாரம், ஒரு போன்! பத்து வருஷம் ஆடிய ஆளின் காலை வாங்கிவிட்டு ஒரு வார்த்தை கேட்கத் தோன்றாதா? ஐஸ் பையைக் கட்டும்போதெல்லாம் அவனை மனசுக்குள் வைதுகொண்டே கட்டினேன்.

எங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. திங்கட்கிழமை எல்லாரும் உட்கார்ந்து முந்தின நாள் ஆட்டத்தைப் படமாகப் பார்ப்போம். ஒவ்வொரு தப்பையும் கோச் நிறுத்தி நிறுத்தி மானத்தை வாங்குவார். ஆனால் ஒருவன் அடிபடும் காட்சியை மட்டும் காட்ட மாட்டார்கள். வீடியோ அறை எர்வின் அதை முன்னாலேயே வெட்டி எடுத்துவிடுவார். பார்த்தால் அடுத்தவன் கால் கூசும் என்று கணக்கு. அதனால் என் உடம்பு உடைந்த எட்டு தடவையில் ஒன்றைக்கூட நான் பார்த்ததில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை அணி தெற்கே போயிருந்தது. செவ்வாய்க்கிழமை எனக்குக் கடைசிப் பரிசோதனை, தேறினால் அடுத்த ஞாயிறு ஆடலாம். மால்கம் மூஞ்சியில் விழிப்பதற்கு முன்னால் அவன் போட்ட பந்தை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும் என்று கிளம்பினேன். ஏரிக் காற்று காரையே தள்ளியது. பயிற்சிக் கட்டடத்தில் விளக்கு எரிந்தது ஒரே அறையில்தான். எர்வின் காலைத் தூக்கி மேஜையில் போட்டுக்கொண்டு சூப் குடித்துக்கொண்டிருந்தார்.

"வா தம்பி. வீட்ல டிவி ரிப்பேரா?"

"பெரியவரே, எனக்கு அடிபட்டத நான் பாக்கணும்."

கிண்ணத்தை வைத்துவிட்டார். "எதுக்கு? பாத்து என்ன ஆகப்போகுது?"

"அவன் எவ்வளவு கேவலமாப் போட்டான்னு பாக்கணும்."

எர்வின் என்னையே பார்த்தார். "டிவில பந்து போற பக்கம்தான் தெரியும். இந்த முழுப் படத்த ஒருத்தன்தான் பாத்திருக்கான். மால்கம். மறுநாள் காலைல வந்தான், அஞ்சாறு தடவ போடச் சொன்னான். அப்புறம், இத யாருக்கும் காட்டாதீங்கன்னான்."

"காட்டச் சொல்லுவானா? அவன் தப்பாச்சே!"

"ஆனா உனக்குக் காட்டக் கூடாதுன்னு தனியாச் சொல்லல," என்று எர்வின் விசைப்பலகையை இழுத்துக்கொண்டார்.

மொத்தம் ஆறு விநாடி. ஓரத்தில் நான் நிற்கிறேன். எதிரணி ஆட்கள் இடம் மாறுகிறார்கள். அதைப் பார்த்த மால்கம் என் பக்கம் திரும்பி ஹெல்மெட்டை இரண்டு தடவை தட்டுகிறான். 'நீளமாப் போகாதே, அஞ்சு கஜத்துல திரும்பி நில்லு' என்று அதற்கு அர்த்தம். படத்தில் நான் அவனைப் பார்க்கிறேன். என் மணிக்கட்டைத் தொடுகிறேன். புரிந்தது என்று அதற்கு அர்த்தம். பந்து நகர்கிறது. நான் ஓடுகிறேன். ஐந்து கஜம் தாண்டி, எட்டு தாண்டி, பதினைந்துக்கு நீளமாகப் போய்க்கொண்டே இருக்கிறேன். பந்து நான் நிற்க வேண்டிய இடத்துக்கு, சொல்லி வைத்தாற்போல், வந்து சேர்கிறது. அங்கே யாருமில்லை. அதற்கப்புறம் நான் திரும்புகிறேன்.

"இன்னொரு தடவ போடுங்க," என்றேன்.

மூன்று தடவை போட்டார். மூன்று தடவையும் மணிக்கட்டைத் தொட்டேன். மூன்று தடவையும் நீளமாக ஓடினேன். அவன் ஹெல்மெட்டைத் தட்டியது எனக்கு ஞாபகமே இல்லை. பதில் சொன்னதும் ஞாபகம் இல்லை. இப்போது, கண்ணெதிரே பார்க்கும்போதுகூட, வேறு யாரோ ஒருவனுடைய படம் மாதிரி இருந்தது.

"எல்லாருக்கும் ஒரு தடவ நடக்கறதுதான்," என்றார் எர்வின், என்னைப் பார்க்காமல்.

எட்டு வாரமாக ஒரு நல்ல பையனை வைதிருக்கிறேன். வெட்கமாக இருந்தது. ஆனால் காரில் வந்து உட்கார்ந்தபோது வெட்கத்தைவிடப் பெரிதாகப் பயம் வந்தது. அந்தக் கட்டம் போட்ட பட்டியலில் கால் இருக்கிறது, கை இருக்கிறது, காறை எலும்பு இருக்கிறது. தலை இல்லை. தலையில் அடிபடாமலா இருந்தது? கண்ணில் பொறி பறந்து, எந்த ஊரில் ஆடுகிறோம் என்றே தெரியாமல் நான் எழுந்து ஓடிய ஆட்டங்கள் ஆறேழாவது இருக்கும். ஒன்றையும் வாய் திறந்து சொன்னதில்லை.

சொல்லாமல் தப்பிக்க வழியும் இருந்தது. ஒவ்வொரு ஆகஸ்டிலும் எங்களுக்குத் தலைக்கு ஒரு பரீட்சை உண்டு. திரையில் வார்த்தைகள் காட்டுவார்கள், பிறகு எது வந்தது, எது வரவில்லை என்று கேட்பார்கள். கோடுகள், வட்டங்கள், நிறம் மாறினால் பட்டனை அழுத்துவது. சீசன் நடுவில் தலையில் அடிபட்டால் மறுபடியும் அதே பரீட்சை. ஆகஸ்ட் மார்க்கைவிடக் குறைந்தால் ஆட விடமாட்டார்கள். அதனால் ஆகஸ்டிலேயே நாங்கள் வேண்டுமென்று தப்பாக எழுதுவோம். மார்க் தரையில் கிடந்தால் அதற்குக் கீழே எங்கே விழ? கல்லூரி அணியில் இதே பரீட்சையை விவரம் தெரியாமல் ஒழுங்காக எழுதி எண்பத்தெட்டு வாங்கினேன். இங்கே வந்தபின் அறுபது, அறுபத்து மூன்று. போன ஆகஸ்ட் அறுபத்திரண்டு. மக்காக நடிப்பதிலும் ஒரு தொழில் நேர்த்தி வந்துவிட்டது.

எங்கள் பிசியோ கார்லா ஜெசெக்குக்கு ஒரு பிடிவாதம். நீண்ட நாள் அடிபட்டுக் கிடந்து திரும்புகிறவன் எவனாக இருந்தாலும் உச்சி முதல் உள்ளங்கால் வரை எல்லாப் பரிசோதனையையும் மறுபடி செய்ய வேண்டும். சுண்டுவிரல் என்றாலும் தலைப் பரீட்சை உண்டு. எல்லாரும் அவளைத் திட்டுவோம். அந்தச் செவ்வாய்க்கிழமை நான் திட்டவில்லை. இரண்டு நாளாக ஒரே ஒரு முடிவைத்தான் மனசில் உருட்டிக்கொண்டிருந்தேன். இந்தத் தடவை நடிக்கக் கூடாது. உயிரைக் கொடுத்து எழுதுவோம். எண்பது வந்தால் போதும், எழுபத்தைந்து வந்தாலும் சரி, அந்த ஆறு விநாடி வெறும் கவனப்பிசகு. என் தலை என்னிடம்தான் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை ஆடலாம்.

முழங்காலை இழுத்தாள், மடக்கினாள், குதிக்க வைத்தாள். "புதுக் கால் மாதிரி இருக்கு. எங்க வாங்கினே?" என்றாள்.

"தள்ளுபடியில கெடச்சது."

"சரி, போய் உக்காரு. வழக்கமான கூத்து." திரையைக் காட்டினாள்.

காலையில் காப்பிகூடக் குறைத்தே குடித்திருந்தேன். பேருந்து, மெழுகு, கிணறு, ஆணி, எலுமிச்சை. ஒவ்வொரு வார்த்தையையும் உதட்டுக்குள் மூன்று தடவை சொல்லிக்கொண்டேன். ஐந்தாவது வார்த்தை வரும்போது முதலாவது போய்விட்டது. சரி, பதறாதே என்று எனக்கே சொன்னேன். கோடுகள் வந்தன. நிறங்கள் வந்தன. விரல் பட்டன் மேலேயே இருந்தது. அழுத்த வேண்டும் என்று நினைத்து முடிப்பதற்குள் நிறம் போய்விட்டிருந்தது. அரை மணி நேரத்தில் சட்டை நனைந்துவிட்டது. இத்தனை கவனமாக நான் எந்த ஆட்டத்திலும் எதையும் செய்ததில்லை. சத்தியமாகச் சொல்கிறேன்.

கார்லா திரையைத் திருப்பிப் பார்த்தாள். "அறுபத்தொண்ணு. ஆகஸ்ட்ல அறுபத்திரண்டு. ஒரு மார்க்தான் வித்தியாசம். பிரமாதம்! ஞாயித்துக்கிழமை நீ ஆடறே." என் தோளில் ஒரு தட்டு தட்டினாள்.

நான் சிரித்தேன் என்று நினைக்கிறேன்.

தாழ்வாரத்துக்கு வந்தால் அதற்குள் சேதி போய்விட்டது. எட்டு வாரம் எட்டிப் பார்க்காத பயல்கள் முதுகில் குத்துகிறார்கள், முடியைக் கலைக்கிறார்கள். "பெருசுக்கு உயிர் வந்துருச்சுடா!" என்று ஒருவன் கத்தினான். யாரோ என் கழுத்தைக் கட்டிக்கொண்டு விடவே இல்லை. இதற்காகத்தான் இத்தனை வருஷமும் எலும்பு எலும்பாக ஒட்டிக்கொண்டு திரும்பித் திரும்பி வந்திருக்கிறேன். கட்டம் போட்டு எழுதுகிறவனுக்கு இது தெரியாது.

மால்கம் கடைசியாக வந்தான். மற்றவர்கள் கலையட்டும் என்று சுவரோரம் நின்றிருந்தான்.

"போன் பண்ணணும்னு தினம் நெனப்பேண்ணே. என்ன சொல்றதுன்னு தெரியல."

"படத்தப் பாத்துட்டேன்டா."

அவன் முகம் சட்டென்று மாறியது. தலை குனிந்தான். பிறகு, சிரிக்க முயன்றபடி, குரலைத் தாழ்த்திச் சொன்னான்: "ஒண்ணும் பிரச்சன இல்லண்ணே. இனிமே ஒவ்வொரு தடவ பந்து எடுக்கறப்பவும் ரெண்டு ரெண்டு தடவ சைகை காட்டறேன். போன வருஷமே அப்படித்தானே சமாளிச்சோம்?"

"போன வருஷமா?"

"ஆமாண்ணே. நீங்க மறுபடி மறுபடி கேப்பீங்க, நான் சொல்லுவேன். அதனால என்ன?" என்று என் கையைப் பிடித்து அழுத்திவிட்டுப் போய்விட்டான்.

அவன் போன திசையில் சாப்பாட்டு அறை இருந்தது. யாரோ எனக்கும் சேர்த்துத் தட்டு எடுத்து வைத்திருந்தார்கள், என் பக்கத்து நாற்காலியில் ஆள் உட்கார்ந்திருந்தான். நான் அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு திரும்பி நடந்து பிசியோ அறைக் கதவைத் தட்டினேன்.

கார்லா அந்த வாரப் பட்டியலை நிரப்பிக்கொண்டிருந்தாள். யார் யாருக்கு எங்கே அடி என்று எல்லா அணிகளும் வாராவாரம் வெளியே சொல்லியாக வேண்டும். "என்ன, எதாச்சும் மறந்துட்டியா?" என்றாள் நிமிராமல்.

"கார்லா, ஆகஸ்ட் பரீட்சைல நான் வேணும்னே தப்புத் தப்பா எழுதுவேன். வருஷா வருஷம்."

"அடப்பாவி, பெரிய ரகசியத்தச் சொல்ல வந்துட்டான்! எல்லாப் பயலும் அதத்தானே பண்றீங்க? எனக்குத் தெரியாதுன்னு நெனச்சியா?"

"இன்னிக்கு நான் அப்படிப் பண்ணல."

எழுதிக்கொண்டிருந்த கை நின்றது. நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். திரையில் இன்னும் அறுபத்தொன்று இருந்தது. அதைப் பார்த்தாள், மறுபடியும் என்னைப் பார்த்தாள். எழுந்துபோய்க் கதவைச் சாத்திவிட்டு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள். வெளியே சாப்பாட்டு அறையில் யாரோ என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள்.

பிறகு பட்டியலை எடுத்தாள். என் பெயருக்கு எதிரே 'முழங்கால்' என்று இருந்ததை அடித்துவிட்டு, அதன் மேலே 'தலை' என்று எழுதினாள். எத்தனை ஆட்டம் என்ற கட்டத்துக்கு வந்ததும் என்னைப் பார்த்தாள். எண் எதுவும் வேண்டாம் என்று தலையை ஆட்டினேன். அந்தக் கட்டத்தில் அவள் எதுவும் எழுதவில்லை.