நானூற்றுக்குக் கீழே

தேயிலைத் தோட்டத்துக் கணக்கரும் கோயில் தலைவருமான அமிர்தலிங்கக் கிராணியார் ஈப்போவிலிருந்து புது ஆம்ப்ளிஃபயரும் குழாய் ஒலிபெருக்கியும் வாங்கி வந்தார். பெட்டியில் 20–20,000 என்று அச்சடித்திருந்ததை தொழிலாளர் லயத்துக்கே வாசித்துக் காட்டினார். "பாத்துக்குங்க! இருபது பேர் கூடினாலும் இருபதாயிரம் பேர் கூடினாலும் ஒரே மாதிரி கேக்கும்லா!"

அம்சவல்லிக்கு அதனால்தான் வினை வந்தது. மாரியம்மன் திருவிழாவில் வருஷா வருஷம் ஊஞ்சல் தாலாட்டு பாடுகிறவள் அவள். கனத்த, அடிவயிற்றுக் குரல். ஒத்திகையில் புதுக் குழாய் வழியே அது தகர டப்பாவில் மாட்டிய வண்டுபோல் வந்தது. மிஷினில் குறை இருக்க முடியாது, வாங்கியவர் தலைவர். ஆகவே குறை அவள் தொண்டையில்.

"இந்த வருஷம் நீ வேணாம்மா. கொரலு போயிருச்சு."

"எங்க போச்சு கிராணியாரே? நான் ஒரு அதட்டு போட்டா அடுத்த மலையில லோரி நிக்கிது. அளந்து பாத்துட்டுச் சொல்லுங்க."

மறுத்தால் கௌரவம் என்னாவது? பிரிஞ்சாங்கில் ரேடியோ கடை வைத்திருக்கும் வேலப்பனை வரவழைத்து, சபை கூட்டி, மாலையும் போட்டார்.

வேலப்பன் ஒரு பெட்டியிலிருந்து வெறும் 'ஊ' சத்தத்தை ஆம்ப்ளிஃபயருக்குள் விட்டான். குழாய்க்கு எதிரே மைக் வைத்து, அதை முள் மீட்டரில் மாட்டினான். விநாடிக்கு ஆயிரம் அதிர்வில் முள் நிமிர்ந்து நின்றது. சுருதியை இறக்கிக்கொண்டே வந்தான். நானூற்றில் முள் தள்ளாடியது. இருநூற்றில் படுத்தேவிட்டது.

"அந்த இருபது, இருபதாயிரம் அதிர்வுக் கணக்கு கிராணியாரே, ஆள் கணக்கு இல்ல. அதும் ஆம்ப்ளிஃபயருக்குத்தான். நானூத்துக்குக் கீழ உள்ளத இந்தக் குழாய் தின்னுடும். அக்கா கொரலு, கேட்டாலே தெரியுது, இருநூறுகிட்ட. அடி போயி நுனி மட்டும் வெளிய வருது."

கிராணியார் அசரவில்லை. அங்கேயே தீர்மானம் போட்டார்: இனி இந்தக் கோயிலில் நானூற்றுக்குக் கீழே யாரும் பாடக்கூடாது, பேசக்கூடாது.

"அப்ப கிராணியார் கொரலு எவ்ளோ தம்பி?" என்றாள் அம்சவல்லி.

வேலப்பன் ஒயரைச் சுருட்டிக்கொண்டே, "நூத்திச் சொச்சம்," என்றான்.

தமக்குத் தாமே சிங்கக்குரலோன் என்று பட்டம் சூட்டிக்கொண்டவர் அவர். தீர்மானத்தை வாபஸ் வாங்குவது அவர் பரம்பரையிலேயே கிடையாது. திருவிழாவன்று வரவேற்புரையைக் கழுத்தைப் பிடித்த கோழிபோல் கீச்சுக் குரலில் ஆரம்பித்தார். பெண்கள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

அம்சவல்லி மேடையேறினாள். "தாலாட்டு பாடணும், எறங்குங்க."

"ஒனக்கு மைக் கெடையாது!"

"யாரு கேட்டா? அம்மனுக்கு நானூத்துக்குக் கீழ காது கேக்காதுன்னு எந்த மீட்டர்ல பாத்தீங்க?"

ப்ளக்கைப் பிடுங்கி எறிந்தாள். கரண்ட் போனது தெரியாமல் கிராணியார் மைக்கில் கீச்சிட்டுக்கொண்டே இருந்தார். அவள் ஊஞ்சலடியில் சம்மணமிட்டு, தன் அடிக்குரலிலேயே எடுத்தாள். பின்னால் இருந்தவர்கள் பாயைச் சுருட்டிக்கொண்டு முன்னே வந்து உட்கார்ந்தார்கள்.