நாலு காலும் தரையில்

பக்கத்து வீட்டு லொரெய்னின் வெள்ளைக் கோட்டில் நாய்க்குட்டி ஹேசலின் இரண்டு மண் பாதங்கள் பதிந்த அன்றுதான் வெர்னாவுக்குச் சந்தேகம் தட்டியது.

"என்னடி இது, போன வாரம் பாதிரியார் கணக்கா உட்காந்திருந்துச்சே!" என்று லொரெய்ன் சிரித்தாள். வெர்னா சிரிக்கவில்லை. ஓரக்கண்ணால் கணவர் ஆர்வில்லைப் பார்த்தாள். மனிதர் காப்பிக் கோப்பைக்குள் எதையோ தேடிக்கொண்டிருந்தார்.

குட்டி ஹேசல் அவர்களுடையதே அல்ல. பார்வையற்றோருக்கு வழிகாட்டும் நாய்களைப் பழக்குகிற பள்ளி, வளர்த்துத் தரும்படி அதை அவர்களிடம் ஒப்படைத்திருந்தது. வியாழக்கிழமை சோதிக்க ஆள் வரும். தேறினால் போய்விடும். ஆள்மேல் தாவுகிற நாய் தேறாது. தேறாததை வளர்த்தவர்களே வைத்துக்கொள்ளலாம். ஆர்வில்லுக்கு இது நன்றாகவே தெரியும். இதற்கு முன் வளர்த்த நாயைத் துலூத் நகரில் பள்ளியிடம் ஒப்படைத்துவிட்டு வீடு வரும்வரை வாய் திறக்காமல் வண்டி ஓட்டியவர் ஆயிற்றே!

குட்டி தாவினால் அதற்கு முதுகைக் காட்டி நிற்க வேண்டும். பார்க்கவோ பேசவோ கூடாது. நாலு காலும் தரைக்கு வந்த பிறகுதான் தீனி, கொஞ்சல் எல்லாம். இதை வெர்னா கர்மசிரத்தையாகச் செய்ய, யாரோ பின்னால் இருந்து கெடுக்கிறார்கள். யாரோ என்ன யாரோ?

துவைக்கப் போட்ட சட்டையை எடுத்து அவர்முன் நீட்டினாள்.

"நெஞ்சுல என்ன மண்ணு?"

"பனி தள்ளினேன்."

"பனியில ஏதுய்யா மண்ணு? பையில ஏன் சீஸ் துண்டு?"

"ஏன், எனக்குப் பசிக்காதா?"

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறார் என்று அவளுக்கு எரிச்சல் பொங்கியது. சர்ச்சில் சமையல் இருக்கிறது என்று சொல்லிக் கிளம்பினாள். காரை லொரெய்ன் வீட்டில் விட்டுவிட்டுப் பனியில் நடந்து வந்து, கராஜ் ஜன்னலில் கண்ணை வைத்தாள்.

ஹேசல் ஆர்வில்லின் நெஞ்சில் தாவியது. அவர் சட்டென்று திரும்பி மரம்போல நின்றார். மறுபடி தாவியது, மறுபடி திரும்பினார். அது கால்களைத் தரையில் ஊன்றியதும் குனிந்து சீஸ் கொடுத்தார்.

"தாவினா உன்னைச் சேத்துக்க மாட்டாங்கடி. அப்புறம் இந்தக் கிழவனோடதான் மல்லுக்கட்டணும்."

வெர்னாவுக்கு வெட்கமாகிவிட்டது. கதவைத் திறந்துகொண்டு உள்ளே போனாள்.

"சர்ச்சு அதுக்குள்ள முடிஞ்சிருச்சா?"

"வேவு பாக்க வந்தேன். நீதான் குட்டியைக் கெடுக்கறன்னு நெனச்சேன்."

"அட, நான் உன்னைத்தானே நெனச்சேன்! அதான் நீ இல்லாத நேரமாப் பாத்துச் சரி பண்ணிட்டிருக்கேன்."

"அப்ப யாருதான்?"

"யாருமில்ல. குட்டின்னா தாவத்தான் செய்யும்."

அதற்குள் ஹேசல் வெர்னாவின் இடுப்பில் முன்கால்களைப் போட்டு நின்றது. அவள் கை தானாக உயர்ந்தது. வியாழக்கிழமை வரை இப்படியே கொஞ்சினால் போதும், ஹேசல் எங்கும் போகாது. ஆர்வில்லைவிடத் தனக்குத்தான் அந்த ஆசை அதிகம் என்பது அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. ஆர்வில் அவள் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வெர்னா திரும்பி நின்றாள்.

முதுகில் நகங்கள் பிராண்டின. முனகிவிட்டு ஹேசல் ஆர்வில்மேல் தாவியது. அவரும் திரும்பிக்கொண்டார். ஆளுக்கொரு சுவரைப் பார்த்து நின்றார்கள். வெர்னா அழுதாள். அவர் மூக்கை உறிஞ்சுவதும் கேட்டது.

"இறங்கிருச்சா?" என்றார்.

"தெரியல. நீ பாரு."

"நீ பாரு."

ஹேசல் எப்போதோ நாலு காலையும் ஊன்றிச் சமர்த்தாக உட்கார்ந்துவிட்டது. தீனி கொடுக்கத்தான் யாரும் திரும்பவில்லை.