விளிம்பில் வெட்டிய எண்

பர்மிங்ஹாமில் உலோகத்தில் பெயர் வெட்டும் பட்டறை வைத்திருந்த மோசஸ், உள்ளே நுழைந்தவனைப் பார்த்ததும் சட்டென்று தலையைக் குனிந்துகொண்டான். ஈனோக் டிரான்டர்! கிரைமியப் போரில் மோசஸின் பக்கத்தில் நின்றவன். தினமும் காலை அணிவகுப்பில் அவன் தன் எண்ணைக் கூவியதும் மோசஸ் அடுத்த எண்ணான தன்னுடையதைக் கூவ வேண்டும். இங்கர்மன் சண்டையன்று மோசஸ் துப்பாக்கியைப் போட்டுவிட்டு ஓடிவந்தான். பெயரை மாற்றித் தாடியும் வளர்த்துக்கொண்டான். பிடிபட்டால் சவுக்கடியில் முதுகுத்தோல் உரிந்துவிடும்.

ஈனோக் மிச்சமிருந்த ஒற்றைக் கையால், போருக்காகக் கிடைத்த வெள்ளிப் பதக்கத்தை நீட்டினான். ஒரு பக்கம் ராணியின் தலை. மறுபக்கம் வீரனுக்கு மகுடம் சூட்டும் சிறகுள்ள தேவதை. விளிம்பு வெறுமையாக இருந்தது.

"பேர் போடாமலே குடுத்துட்டானுங்க அண்ணே. ஈனோக் டிரான்டர்னு வெட்டிக் குடுங்க."

அடையாளம் தெரியவில்லை போலும். மோசஸ் தலை நிமிராமல் வெட்டினான். முடித்ததும் துடைத்துக் கொடுத்தான்.

ஈனோக் விளிம்பை வெளிச்சத்தில் மெல்லத் திருப்பிப் படித்தான். சிரிப்பு பாதியில் நின்றது.

"இரண்டாயிரத்து அறுநூத்திப் பதினாறு. என் நம்பர்தான். ஆனா நான் அதைச் சொல்லவே இல்லையே!"

குனிந்து அந்தத் தாடியை உற்றுப் பார்த்தான்.

"பதினேழு நீதானேடா?"