செல்லாயி சிரித்த படம்

கைப்பிடியைச் சுத்துறதுதான் என் வேலை. விநாடிக்கு ரெண்டு சுத்து, கூடவும் கூடாது, குறையவும் கூடாது. மலாயாவுல, செமோர் பக்கத்து ரப்பர் தோட்டத்துல பால்மரம் சீவிக்கிட்டிருந்த என்னை, படம் பிடிக்கிற துரை முதல்ல முக்காலி தூக்க வெச்சாரு, அப்புறம் கேமராவையே கையில கொடுத்தாரு. "சன்னாசி பெரிய ஆளாயிட்டான்லா"ன்னு கூலிக்காரங்க குடியிருக்கிற லயத்துல பேசிக்கிட்டாங்க. எனக்கும் தலைகால் புரியலை, ஒத்துக்கிறேன்.

தோட்டத்து வாழ்க்கையை உள்ளது உள்ளபடி எடுக்கணும்னாரு துரை. உள்ளது உள்ளபடியாம், மண்ணாங்கட்டி! தோட்டத்துக் கணக்கு எழுதுற கிராணி பொம்பளைங்க எல்லாருக்கும் புதுச்சேலை கொடுத்து, சாயங்காலமே திருப்பி வாங்கிக்கிட்டான். படுத்த படுக்கையா கிடந்தவங்களைக் கேமரா பக்கமே விடலை. மத்தவங்க கையைத் தொங்கப்போட்டு, மூச்சை அடக்கிக்கிட்டு நின்னாங்க. போட்டோவுக்கு அப்படித்தானே நிக்கணும்? அசைஞ்சா கெட்டுப்போயிடும்னு பயம். "அசையுங்க, சிரிங்க"ன்னு துரை கத்துறாரு, ஒருத்தரும் அசையலை.

முன்வரிசையில என் சம்சாரம் செல்லாயி. அன்னைக்கே அவளுக்கு உடம்பு கொதிச்சுது. ஊமைப்படம்தானே, நான் பேசுறது படத்துல கேட்காதே, அந்தத் தைரியத்துல சுத்திக்கிட்டே, "ஏண்டி, சாமி சிலையாட்டம் நிக்கிறே, கற்பூரம் காட்டவா?"ன்னேன். குபீர்னு சிரிச்சா. அவளைப் பார்த்து வரிசையே சிரிச்சுது. துரை என் முதுகுல தட்டிக் கொடுத்தாரு.

ஊர்ல என் தம்பி உடையப்பன் இருந்தான். எனக்குன்னு மிச்சம் இருக்கிற ரத்தம் அவன் ஒருத்தன்தான். "வந்துடாதே, இங்க காய்ச்சல்ல கொத்துக் கொத்தா சாவுறாங்க"ன்னு அவனுக்கு மூணு கடுதாசி போட்டேன்.

போன மாசம் அதே காய்ச்சல்ல செல்லாயியும் போயிட்டா. நேத்து, புது ஆளுங்களை ஏத்திக்கிட்டு வந்த லாரியில இருந்து உடையப்பன் குதிக்கிறான்!

"அடப்பாவி, வராதேன்னு எழுதினேனேடா!"

"கடுதாசியில என்ன வேணா எழுதலாம் அண்ணே. ஆள் சேர்க்க வந்தவங்க கூடாரம் போட்டுப் படம் காட்டினாங்க. அண்ணி புதுச்சேலை கட்டிச் சிரிச்சதை என் ரெண்டு கண்ணாலயும் பார்த்தேன்"னான். சுத்திமுத்திப் பார்த்தான். "அண்ணி எங்கே?"

நான் வாயைத் திறக்குறதுக்குள்ள துரை வந்துட்டாரு. புது ஆளுங்களையும் எடுக்கணுமாம். உடையப்பனை முன்வரிசையில நிறுத்தினாங்க. அவனும் மூச்சை அடக்கிக்கிட்டு நின்னான்.

"சன்னாசி, சிரிக்க வை"ன்னாரு துரை.

ஐயோ, நான் ஒரு வார்த்தை சொல்லலை. கேமராவுக்குப் பின்னால என்னைப் பார்த்ததும் அவனே பெருமையா சிரிச்சுட்டான். என் கை அது பாட்டுக்குச் சுத்திக்கிட்டிருந்துச்சு, விநாடிக்கு ரெண்டு.