துணைக்குப் போகிறவருக்கு இருபது வயது நிரம்பியிருக்க வேண்டும்

1

இந்தக் கதை எங்கள் கட்டடத்தின் உடுப்புத் தோய்க்கும் அறையில் எனக்குக் கிடைத்தது. திருடியது என்றும் சொல்லலாம். சொன்னவள் என்னை நம்பிச் சொன்னாள். மெசின் நிற்பதற்கிடையில் எனக்குள் முதல் வரி வந்துவிட்டது. ஒஸ்லோவின் இந்த வெஸ்ட்லிப் பக்கத்தில் என்னிடம் ஒரு இரகசியத்தைச் சொல்ல வேண்டுமென்றால், ஒன்றில் புதிதாகக் குடிவந்திருக்க வேண்டும், இல்லை வேறு வழியே இல்லாதிருக்க வேண்டும். அவள் என் முன்வீட்டில் பதினொரு வருடமாக இருக்கிறாள்.

2

முதல் தொடக்கம்: 'ஸ்தவாங்கரில் எண்ணெய்க் கம்பனிப் பொறியியலாளரான கபிலன் ஒருநாள் வேட்டைத் துவக்கு வாங்க

வெட்டிவிட்டேன். ஆளை மறைக்கத்தான் ஆணாக்கி அவ்வளவு தூரம் அனுப்பினேன். கபிலன் இரண்டாம் பந்தியிலேயே அவளைப் போல அழத் தொடங்கிவிட்டார்.

இரண்டாவது தொடக்கம்: 'மூன்று பேர் மூச்சு வாங்க ஓர் இரும்புப் பெட்டகத்தை ஏழாம் மாடிக்கு ஏற்றினார்கள்.' இது நடந்தது. கதவுத் துளையால் பார்த்தேன். நகை வைக்கத்தான் என்று அடுத்த ஊர் லில்லெஸ்ட்ரோம் வரைக்கும் ஃபோனில் சொல்லி முடித்த பிறகுதான் அது துவக்குப் பெட்டகம் என்று தெரிந்தது. (திருத்தம் அறிவிக்கவில்லை. நகைதான் நல்ல செய்தி.)

3

அவளுக்குச் சத்தியபாமா என்று பெயர் வைத்துக்கொள்வோம். முதியோர் இல்லத்தில் வேலை. கூட வேலை செய்யும் நோரா வேட்டைக்காரி. அவள்தான் இவளை வேட்டைப் பரீட்சை வகுப்புக்குக் கூட்டிப் போனவள். இந்த நாட்டில் நினைத்தவுடன் துவக்கோடு காட்டுக்குள் இறங்க முடியாது. வகுப்பு, பரீட்சை, வருடாவருடம் கட்டணம், பொலிஸ் அனுமதி, பூட்டிய பெட்டகம்.*

ஒருநாள் வகுப்பில் வயதுச் சட்டம் வந்தது. முயல் மாதிரிச் சின்ன விலங்குக்குத் தனியாகப் போகப் பதினாறு வயது. பெரிய விலங்குக்குப் பதினெட்டு. பதினான்கு, பதினைந்து வயதுப் பிள்ளை முயலுக்குப் பழகப் போகலாம். ஆனால் இருபது நிரம்பிய, வேட்டை தெரிந்த ஒருவர் பக்கத்தில் நிற்க வேண்டும். பெற்றோரோ பாதுகாவலரோ எழுத்தில் சம்மதம் தர வேண்டும்.

"அதைக் கேட்டவுடனை எழும்பி வெளியிலை போயிட்டன், அக்கா."

"ஏனடியப்பா?"

"தனிய விடக்கூடாதெண்டு இஞ்சை சட்டமாவே எழுதி வைச்சிருக்கிறாங்கள்."

* என் மனிசன் பாலேந்திரன் கார் அனுமதிக்கே மூன்று தரம் போனவர். இதைச் சொன்னதும், "முயலும் சோதனை எழுதுமோ?" என்று கேட்டார்.

4

தொண்ணூற்றாறு. இடம்பெயர்ந்து வன்னிக் காட்டோரம். பசி. தங்கைக்குப் பதினைந்து வயது. முயலுக்குக் கண்ணி வைத்திருந்தாள். விடியப் பார்க்கப் போகத் துணைக்கு அக்காவைக் கூப்பிட்டாள். "எனக்கு ஏலாது, நீ போ" என்று அக்கா மற்றப் பக்கம் திரும்பிப் படுத்தாள்.

மிதிவெடி.

இரண்டு வருடம் கழித்து, ஒஸ்லோவிலிருந்த தகப்பன் பதினெட்டுக்குக் குறைந்த பிள்ளையை மட்டும் கூப்பிடலாம் என்றானது. அக்காவுக்கு இருபத்தொன்று. செத்தவளின் பிறப்புச் சான்றிதழில் அக்கா வந்து இறங்கினாள். சத்தியபாமா என்பது தங்கையின் பெயர். என் முன்வீட்டில் இருப்பவள் தங்கேஸ்வரி.

(இரண்டு பெயரும் நான் வைத்தவைதான். ஆனால் பெட்டகம் ஏறிய ஏழாம் மாடி ஒன்றுதானே. இந்தப் பந்தி தவறான ஆளின் கையில் கிடைத்தால் அவளுடைய கடவுச்சீட்டு, வேலை, வேட்டை அட்டை எல்லாம்

மூன்று தரம் அழித்தேன். நான்காம் தரமும் எழுதியிருக்கிறேன். என் குணம் உங்களுக்கு விளங்கியிருக்கும்.)

5

இன்று பின்னேரம் நாலு மணி, வெளியே இருட்டிவிட்டது. கதவைத் தட்டினாள். கையில் ஒரு தாள்.

"நாளைக்கு விடிய முயலுக்குப் போறம், அக்கா."

"நோராவோடையோ?"

"நோரா வரேல்லை."

'போறம்' என்றாளே, நோரா வரவில்லையென்றால் மற்றது யார் என்று நான் கேட்கவில்லை. நான் கேட்காமல் விட்ட முதல் கேள்வி அதுவாகத்தான் இருக்கும். தாளை வாங்கிப் படித்தேன்; செத்த தங்கையின் பெயரில் ஒரு சம்மதத் தாள்.

"விசரோ உனக்கு? அவள் இருந்தால் இப்ப நாப்பது தாண்டியிருக்கும்."

"அவளுக்கு அந்த வயசுதான், அக்கா. நாலு வருசம் நோராவோடை போய்ப் பழகினனான். இப்ப நான் துணைக்கு நிக்கலாம். சம்மதம்தான் இல்லை. அம்மாவும் இல்லை, அப்பாவும் இல்லை. உண்மை தெரிஞ்ச மூத்த ஆள் நீங்கள் ஒராள்தான்."

"நான் கையெழுத்து வைக்காட்டி?"

"சட்டத்தை மீறி நான் கூட்டிக்கொண்டு போகமாட்டன். ஆனா அவள் நிக்கமாட்டாள். திரும்பவும் தனியப் போயிடுவாள்."

எங்கள் நடையின் விளக்குகள் ஆள் அசைந்தால்தான் எரியும். நாங்கள் இருவரும் அசையாமல் நின்றதில் அணைந்துவிட்டன. அப்போது தூரத்தில், லிஃப்டடியில், ஒரு விளக்கு எரிந்தது. யாரும் இல்லை. பிறகு அதற்கு அடுத்தது. பிறகு அதற்கும் அடுத்தது.

"உத்துப் பாக்காதேங்கோ," என்றாள் மெதுவாக. "வெக்கப்படுவாள்."

6

முடிவு ஒன்று: நான் கையெழுத்து வைக்கிறேன். இரண்டு பெயரும் ஒரே தாளில், கீழே என் எழுத்து. அவளை மாட்டிவிட இதைவிட நல்ல சாட்சி கிடையாது.

முடிவு இரண்டு: வைக்கவில்லை. நாளை விடியப் பல்கனியிலிருந்து பார்க்கிறேன், பனியில் ஒரு சின்னக் காலடி மட்டும் காட்டுப் பக்கம்

முடிவு மூன்று: வைத்தியரிடம் கூட்டிப் போகிறேன். மிகச் சரியான முடிவு. எழுத எனக்குக் கை வரவில்லை.

இப்போது ஐந்தரை. ஆறு மணிக்கு வந்து வாங்குவதாகச் சொல்லிவிட்டு அவள் தன் வீட்டுக்குள் போய்ப் பூட்டிக்கொண்டாள், சத்தம் கேட்டேன். ஆனால் என் கதவின் கீழ் இடுக்கால் வெளிச்சம் வருகிறது. அசையாமல் நின்றால் ஒரு நிமிடத்தில் அணையும் விளக்கு. அரை மணியாக எரிகிறது. பொறுமையில்லாத பிள்ளை யாரோ கால் மாற்றிக் கால் மாற்றி நிற்பது போல.

பதினொரு வருடத்தில் முதல்முறையாக, கதவுத் துளையால் பார்க்க எனக்கு மனம் வரவில்லை.

உண்மை தெரிந்த ஆள் நான் ஒருத்திதான் என்று அவள் நம்புகிறாள். நீங்கள் இதுவரை வாசித்துவிட்டீர்கள். இருபதும் நிரம்பியிருக்கும். இந்தாருங்கள் தாள்:

வேட்டை பழகப் போகிறவர்: சத்தியபாமா, வயது 15
துணைக்குப் போகிறவர்: தங்கேஸ்வரி, அக்கா
பாதுகாவலர் கையொப்பம்: ........................