நிற்பதற்குச் சம்பளம்

என் வீட்டுக்காரர் மசூது துபாயில் பல வருஷம் பனிக்கட்டிக்கு இஸ்திரி போட்டவர். இதை நான் சொன்னால் தென்காசியில் யாரும் நம்புவதில்லை. அவர் சொன்னால் சுத்தமாக நம்புவதில்லை. பெரிய மாலுக்குள் பனித்தரை ஒன்று இருக்கிறது, ஜனங்கள் காலில் இரும்பு கட்டிக்கொண்டு சறுக்கிச் சறுக்கி அதைக் கீறி வைப்பார்கள், அதன் மேல் ஒரு வண்டியை ஓட்டி மறுபடி கண்ணாடி மாதிரி ஆக்க வேண்டும், அந்த வண்டிக்கு டிரைவர் இவர். "பாலைவனத்துல பனியாம்லே" என்று பள்ளிவாசல் தெருவே சிரித்தது. ஊருக்குத் திரும்பி வந்து, குற்றாலத்தில் ஐந்தருவி ரோட்டில் நாலு அறையோடு ஒரு காட்டேஜ் தொடங்கிய பிறகும் 'ஐஸ் மசூது' என்ற பெயர் மட்டும் போகவில்லை.

அதனால், போன ஜூலையில் நிஜமான ரஷ்யாக்காரர் ஒருவர் தென்காசி ஸ்டேஷனில் வந்து இறங்கியதும், இவர் அவரை நேராகக் குற்றாலத்துக்குக் கூட்டி வரவில்லை. பஸ் ஸ்டாண்டைச் சுற்றி, கோயில் வாசலைச் சுற்றி, பள்ளிவாசல் தெருவில் இரண்டு தரம் சுற்றி, கார் கண்ணாடியை இறக்கி வைத்து ஊர்வலம் விட்டுத்தான் கூட்டி வந்தார். பாவம், அந்த மனுஷர் ரயிலில் வந்த களைப்போடு எல்லோருக்கும் கையசைத்துக்கொண்டே வந்திருக்கிறார்.

பெயர் கொரோவின். எங்கள் வாசல் நிலை அவருக்குக் கழுத்தளவு. முன்பல் இரண்டு இல்லை. மூக்கு ஒரு பக்கம் போய்விட்டு மனசு மாறித் திரும்பி வந்தது போல் இருந்தது. ஆனால் பேச்சு பூ மாதிரி. எதற்கெடுத்தாலும் 'சாரி'. தண்ணீர் கொடுத்தால் சாரி, நாற்காலி போட்டால் சாரி.

"இவருக்கு என்ன வேலை?" என்று அடுப்படியில் வைத்து இவரிடம் கேட்டேன்.

"ஐஸ் ஹாக்கி. ஃபார்வர்டு. அவங்க டீம் பயிற்சிக்கு துபாய் வந்தப்போ பழக்கம்."

"அதுல இவரு என்ன செய்வாரு?"

"நிப்பாரு."

நான் கரண்டியைக் கீழே வைத்தேன்.

"அடுத்த டீம் கோலுக்கு முன்னாடி போய் நிப்பாரு பானு. பின்னால ரெண்டு தடியனுவ இடிப்பானுவ, மட்டையால முதுகுல போடுவானுவ. இவரு அசைய மாட்டாரு. கோல் கீப்பருக்கு இவரு முதுகத் தவிர ஒண்ணும் தெரியாது. இவங்க ஆளு தூரத்துல இருந்து அடிக்க ரப்பர் வட்டு வந்து இவரு மேல பட்டு உள்ள போயிரும். பதினாலு வருசமா இதான் பொழப்பு."

"நிக்கதுக்குச் சம்பளமா? ரேசன் கடையில நான் நிக்காத நிப்பா? ஒருத்தன் அஞ்சு பைசா தரல."

விஷயம் அப்புறம்தான் மெல்ல வெளியே வந்தது. போன பனிக்காலத்தில் யாரோ ஒருத்தன் வந்து மோதி கொரோவினின் இடது தோளை உடைத்துவிட்டான். எலும்பு கூடிவிட்டது. ஸ்கேன் சுத்தம். வலியும் இல்லை. ஆனால் அதிலிருந்து யாராவது தன்னை நோக்கி வருவதைப் பார்த்தாலே, இடிபடும் முன்னாலேயே மனுஷர் ஒதுங்கிவிடுகிறார். நிற்பதற்குச் சம்பளம் வாங்குகிறவர் ஒதுங்கினால் எந்த முதலாளி வைத்துக்கொள்வான்? ஆகஸ்டில் பயிற்சி தொடங்கும், அதற்கப்புறம் ஒரு ஆட்டம் பார்ப்போம், அதிலும் ஒதுங்கினால் கும்பிடு என்று டீமில் சொல்லிவிட்டார்கள். முப்பத்துநாலு வயது. இந்த டீம் விட்டால் வேறு டீம் எடுக்காது. நிற்பதைத் தவிர வேறு தொழிலும் தெரியாது.

இதைக் கேட்டு என் வீட்டுக்காரர் போனில் சொன்ன வைத்தியம்தான் குற்றாலம். எண்ணெய் தேய்த்து அருவியில் நின்றால் தீராத வலி இல்லை என்றிருக்கிறார். வலி இல்லையே, பயம்தானே என்று அவர் கேட்க, "பயத்துக்கும் எண்ணெய் கேக்கும்" என்று அடித்துவிட்டிருக்கிறார். எங்கள் ஊர்க்காரர்களுக்கு இது ஒரு வியாதி. கால் உளுக்கினாலும் கல்யாணம் தட்டினாலும் குற்றாலத்துத் தண்ணீரைக் காட்டுவார்கள்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. சாரல் விடாமல் அடித்துக்கொண்டிருந்தது. மெயின் அருவிக்குப் போகிற வழியில் எண்ணெய் மசாஜ் போடுகிற சுடலைமாடன் அண்ணாச்சியிடம் இவர் முதலில் கூட்டிப் போனார். அண்ணாச்சி கொரோவினைக் குப்புறப் படுக்கப் போட்டு, முதுகைப் பார்த்து, "பாய், இது ரெண்டு ஆளு முதுகு. ரெட்டை எண்ணெய் ஆவும்" என்றாராம். தேய்த்து, தட்டி, முறித்து, பளபளவென்று அருவிக்கு அனுப்பி வைத்தார்.

நான் எதிரே பாலத்தில் நின்று பார்த்தேன். மெயின் அருவியில் ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தை அறியாதவர்களுக்குச் சொல்கிறேன். அங்கே வரிசை கிடையாது. உள்ளே நிற்கிறவன் வெளியே வரமாட்டான், வெளியே நிற்கிறவன் உள்ளே போகாமல் விடமாட்டான். எல்லோர் மேலும் எண்ணெய். பிடித்தால் வழுக்கும், தள்ளினால் வழுக்கும். தொப்பைதான் ஆயுதம். கொரோவின் அருவியோரத்துக் கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனார். ஒரு கையை நெற்றியில் வைத்து இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். சுரண்டைப் பக்கத்து ஆள் ஒருவர், கொரோவினின் இடுப்பு உயரம்கூட இல்லை, வேகமாக வந்தார். கொரோவின் 'சாரி' என்று ஒதுங்கினார். அடுத்தவருக்கும் ஒதுங்கினார். ஒதுங்கி ஒதுங்கி, தலையில் சொட்டுத் தண்ணீர் படாமல் வெளியே வந்து சேர்ந்தார். குற்றாலத்துக்கு வந்து அருவியில் நனையாமல் திரும்பிய ஒரே மனுஷர் அவராகத்தான் இருக்கும். வீட்டில் வந்து வாளித் தண்ணீரில் சீயக்காய் போட்டுக் குளித்தார்.

என் வீட்டுக்காரர் என்ன செய்தார்? மறுநாளிலிருந்து ஆள் இல்லாத அருவியாகத் தேடித் தேடிக் கூட்டிப் போனார். விடிவதற்கு முன்னால் ஐந்தருவி, கூட்டம் இல்லாத நாளாகப் பார்த்துப் பழைய அருவி. கொரோவின் குழந்தை மாதிரி சந்தோஷமாகக் குளித்தார். செங்கோட்டைப் பக்கம் போய் பரோட்டாவும் கோழியும் தின்றார். உடம்பு தேறியது. பயம் அப்படியே இருந்தது.

ஒரு சாயங்காலம் அவர் தன் போனில் பழைய ஆட்டங்களை எங்களுக்குக் காட்டினார். இளவயசில் இரண்டு பேர் முதுகில் தொங்குகிறார்கள், மனுஷர் ஆட்டுக்கல் மாதிரி நிற்கிறார். பார்க்கவே ஆசையாக இருந்தது. கடைசியாக, தோள் கூடிய பிறகு ஆடிய ஆட்டம். ஒருத்தன் வருகிறான். கொரோவின் அவனைப் பார்க்கிறார். பார்த்ததும் அரையடி நகர்கிறார். அவ்வளவுதான். கொரோவின் போனை அணைத்துவிட்டு, சாரலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தார். எனக்குக் கோபம் வந்தது. என் குணம் அப்படி. இவர் பக்கம் திரும்பினேன்.

"மச்சான், இவருக்குத் தோளுல நோவு இல்ல. கண்ணுலதான்."

"கண்ணு நல்லாத்தான இருக்கு?"

"அதான் நோவு. வாரவன வாரதுக்கு முன்னாலயே பாத்திருதாரு. அருவியில எவனாவது கண்ணத் தொறந்துக்கிட்டு நிப்பானா? சின்னப்பிள்ளையில இருந்து நான் பொம்பளைங்க பக்கம் நிக்கேன். காலை அகட்டி, தலையக் குனிஞ்சு, கண்ண மூடிருவேன். எவ இடிச்சாலும் தண்ணின்னு நெனச்சுக்கிடுவேன். தண்ணிக்கு யாராவது ஒதுங்குவாங்களா? ஆள் இல்லாத அருவியில நிக்க இவரு ரஷ்யாவுல இருந்து வரணுமா? சனிக்கெழம மெயின் அருவிக்குக் கூட்டிட்டுப் போங்க."

இவர் துபாயில் பொறுக்கிய ஓட்டை ரஷ்ய மொழியில் பாதியும் கையால் மீதியும் சொன்னார். நான் கூடத்து நடுவில் காலை அகட்டிக் கண்ணை மூடி நின்று காட்டினேன். கொரோவின் நான் கால் வைத்திருந்த விதத்தைப் பார்த்தார். பிறகு எழுந்து, எனக்குப் பக்கத்தில் அதே மாதிரி நின்று பார்த்தார். அந்த நேரம் பார்த்துப் பால்காரர் வந்தார். அவர் என்ன நினைத்தாரோ, பாலை வாசலில் வைத்துவிட்டுப் போய்விட்டார்.

சனிக்கிழமை கூட்டம் எக்கச்சக்கம். வாசுதேவநல்லூரிலிருந்து ஒரு கல்யாண வீட்டு ஆண்பிள்ளைகள் இரண்டு வேன் நிறைய வந்து, மொத்தப் பேரும் எண்ணெய் தேய்த்துக்கொண்டு உள்ளே இறங்கினார்கள். கொரோவின் கம்பியை விட்டார். உள்ளே போய், நல்ல தண்ணீர் விழுகிற இடம் பார்த்துக் காலை அகட்டி, கண்ணை மூடினார்.

முதல் ஆள் வந்து மோதினார். வழுக்கிக்கொண்டு போனார். இரண்டாவதாக மாப்பிள்ளையின் சித்தப்பா, நல்ல கனம், தொப்பையால் ஒன்று வைத்தார். கொரோவின் அசையவில்லை. அப்புறம் நாலு பேர் சேர்ந்து வந்தார்கள். அசையவில்லை. என் பக்கத்தில் இவர் பாலத்துக் கைப்பிடியை முறிக்கிற மாதிரிப் பிடித்துக்கொண்டு, "நிக்காரு பானு, நிக்காரு" என்று முணுமுணுத்தார். கொஞ்ச நேரத்தில் ஜனங்களுக்கு விஷயம் புரிந்துவிட்டது. இந்த ஆள் கம்பியைவிட நல்ல கம்பி. ஒரு தாத்தா அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிம்மதியாகக் குளித்தார். சித்தப்பாவும் வெட்கத்தை விட்டு வந்து தோளைப் பிடித்துக்கொண்டார். உடைந்த தோள்.

அப்போதுதான் மலையில் மழை பலத்து, தண்ணீர் பொங்கி, அருவிக்கு முன்னால் கட்டியிருக்கும் பாதுகாப்பு வளைவைத் தொட்டது. போலீஸ் விசில் ஊதி எல்லோரையும் வெளியேற்றியது. தாத்தா போனார், சித்தப்பா போனார், கல்யாண வீடே போனது. ஒருவர் மட்டும் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். அந்த இரைச்சலில் விசில் கேட்டால்தானே.

"யோவ், வெளிய வாரும்" என்று போலீஸ்காரர் ஒருவர் போய் இடது கையைப் பிடித்து இழுத்தார். வரவில்லை. இன்னொருவர் சேர்ந்து இழுத்தார். அப்போதும் வரவில்லை. நான் பொங்கி வரும் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தேன். என் வீட்டுக்காரரோ வெள்ளத்தை மறந்து, "இழுங்க சார், நல்லா இழுங்க, அந்தக் கைதான்" என்று பாலத்திலிருந்து கத்துகிறார். கடைசியில் எனக்குப் பழக்கமான கான்ஸ்டபிள் வேல்விழி கீழே இறங்கிப் போய், எட்டி, அவர் காதுக்குள் ஒரு விசில் விட்டாள்.

கொரோவின் கண்ணைத் திறந்தார். விசிலைப் பார்த்தார், காக்கியைப் பார்த்தார். மறுபேச்சில்லாமல் தலையைக் குனிந்துகொண்டு விறுவிறுவென்று நடந்து, போலீஸ் உதவி மையத்து பெஞ்சில் போய்த் தானாக உட்கார்ந்தார். சுவர்க் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். ரெண்டு நிமிஷம் ஆனதும் எழுந்து, வணக்கம் சொல்லிவிட்டு வெளியே நடந்தார்.

"ஏய், யாரு எந்திரிக்கச் சொன்னா?" என்று வேல்விழி பின்னாலேயே வந்தாள்.

"அவங்க ஆட்டத்துல அதான் சட்டம்மா" என்றார் இவர் மூச்சு வாங்க ஓடி வந்து. "விசில் அடிச்சா ரெண்டு நிமிசம் பெஞ்சு. அப்புறம் மறுபடி எறங்கலாம்."

"எறங்கலாமா? மசூது அண்ணாச்சி, இவரு திரும்ப எறங்குனாருன்னா உங்களப் பெஞ்சுல உக்கார வச்சிருவேன்."

கொரோவின் அதையெல்லாம் கேட்கவில்லை. தன் இடது தோளைத் தொட்டுப் பார்த்தார், வேல்விழியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிறகு அந்த இரண்டு பல் இல்லாத வாயைத் திறந்து சிரித்தார். வந்ததிலிருந்து அன்றைக்குத்தான் ஒரு தரம்கூட சாரி சொல்லவில்லை.

செப்டம்பரில் அந்த ஆட்டம். இவர் எப்படியோ இணையத்தில் பிடித்து டிவியில் போட்டார். பள்ளிவாசல் தெரு பாதி எங்கள் கூடத்தில்தான் இருந்தது. சுடலைமாடன் அண்ணாச்சி, டியூட்டி முடிந்து வந்த வேல்விழி, எல்லோரும். வெள்ளைத் தரையைத் துடைக்க வண்டி வந்தபோது, "அந்தா, அதான் நான் ஓட்டுன வண்டி" என்று இவர் எழுந்து நின்று காட்டினார். யாரும் சிரிக்கவில்லை. அவருக்கு அதுவே போதும்.

ஆட்டம் முடியப் போகிறது, இரண்டு பக்கமும் சமம். கொரோவின் கோலுக்கு முன்னால் போய் நின்றார். பக்கவாட்டிலிருந்து ஒருத்தன் வேகமாக வந்தான். "பாக்காதிய, பாக்காதிய" என்று டிவியைப் பார்த்துச் சொன்னேன். அவன் மோதினான். இன்னொருத்தனும் மோதினான். ஆட்டுக்கல் அசையவில்லை. எங்கிருந்தோ வந்த வட்டு அவர் தொடையில் பட்டு வலைக்குள் போனது.

கூடம் இரைந்தது. மெதுவாகத் திரும்பவும் காட்டினார்கள், முகத்துக்குப் பக்கத்தில் வைத்து. காலை அகட்டி, தலையைக் குனிந்து, கண்ணை இறுக்கி மூடியிருந்தார். கோல் விழுந்தது அவருக்குத் தெரியவே இல்லை. கூட்டாளிகள் வந்து மேலே விழுந்த பிறகுதான் கண்ணைத் திறந்தார். திறந்ததும், இரண்டு கையாலும் தலையிலிருந்து முகம் வரை வழித்துவிட்டுக்கொண்டார், அருவியிலிருந்து வெளியே வருகிறவர்கள் செய்கிற மாதிரி.

"எல்லாம் எண்ணெய்" என்றார் சுடலைமாடன் அண்ணாச்சி.

"தண்ணி" என்றார் என் வீட்டுக்காரர்.

"என் விசிலு" என்றாள் வேல்விழி.

நான் அடுப்படிக்குப் போய் நன்றாக அழுதேன். இவர் துபாய்க்குப் போன அன்றைக்குக்கூட நான் இத்தனை அழவில்லை. சொன்னால் வருத்தப்படுவார் என்று இதுவரை சொல்லவில்லை.

இரண்டு நாள் கழித்து கொரோவின் போனில் கூப்பிட்டார். இன்னும் ஒரு வருஷம் வைத்துக்கொள்வதாக டீமில் சொல்லிவிட்டார்களாம். அடுத்த ஜூலைக்கு அறை வேண்டும் என்றார். சனிக்கிழமை கட்டாயம் இருக்க வேண்டும் என்றார். கூட அவர் டீம் ஆட்கள் ஐந்து பேரும் வருகிறார்களாம். நான் போனை வாங்கி, "சாப்பிட்டியளா?" என்று கேட்டேன். அவருக்கு அது மட்டும் புரியும்.

மெயின் அருவியில் ஆறு கொரோவின் நின்றால் வாசுதேவநல்லூர்க்காரர்கள் எங்கே குளிப்பார்கள் என்று வேல்விழி இப்போதே என்னிடம் சண்டைக்கு வருகிறாள்.